'அரிய நூல்' என்பது பாராட்டு அல்ல

ஒரு பெண்ணின் புத்தகத்தை 'அரிய நூல்' என்று சொல்லும்போது அதைப் பாராட்டுவதாக நினைத்துக்கொள்கிறோம். உண்மையில் நடந்து முடிந்த ஒன்றை மூடி மறைக்கிறோம். எந்தப் புத்தகமும் அரியதாகப் பிறப்பதில்லை. அச்சகத்திலிருந்து கட்டுக்கட்டாகத்தான் வெளியே வருகிறது, கடையில் விலை ஒட்டி வைக்கப்படுகிறது, வாங்கப்படுகிறது, வாசிக்கப்படுகிறது. பிறகு ஒருநாள் கிடைக்காமல் போகிறது. அந்தக் 'கிடைக்காமல் போவது' மழை பெய்வதுபோலத் தானாக நடப்பதில்லை. யாரோ மறுபதிப்பு வேண்டாம் என்கிறார்கள். யாரோ வரலாறு எழுதும்போது அந்தப் பெயரைத் தாண்டிப் போகிறார்கள். யாரோ பாடத்திட்டத்தில் சேர்க்காமல் விடுகிறார்கள். இத்தனை பேரின் வேலையையும் ஒரு பெயரடைக்குள் போட்டு மூடிவிடுகிறது 'அரிய' என்னும் சொல்.

ஜப்பானியப் புகைப்படக் கலைஞர் டோகிவா டோயோகோவின் 'கிகென் நா அடபானா' இப்படி 'அரியதாக்கப்பட்ட' நூல்களில் ஒன்று. 1957இல் டோக்கியோவின் மிகாசா ஷோபோ பதிப்பகம் வெளியிட்டது. அது நண்பர்களுக்காக நூறு பிரதி அடித்துக்கொள்ளும் தனிச்சுற்றுப் பதிப்பகம் அல்ல. பொதுவாசகருக்கு நூல் விற்கும் வணிகப் பதிப்பகம். படங்களோடு டோகிவாவே எழுதிய உரைநடையும் அதில் உண்டு. அதாவது, கடைக்குப் போய் வாங்கிப் படிப்பதற்காகவே அச்சிடப்பட்ட புத்தகம் அது. இன்று அந்த முதற்பதிப்பு பழம்புத்தக வணிகர்களின் பட்டியலிலும் சேகரிப்பாளர்களின் கண்ணாடி அலமாரியிலும் இருக்கிறது. யோகோஹாமாவின் தெருவில் நின்ற பெண்களைப் பற்றிய ஒரு புத்தகம், தெருவில் நிற்கும் எந்தப் பெண்ணும் வாங்க முடியாத பொருளாகிவிட்டது. இதைத்தான் நாம் 'அரிய' என்கிறோம்.

டோகிவா 1928இல் யோகோஹாமாவில் பிறந்தவர். தந்தை சாக்கே மதுக்கடை நடத்தினார். அண்ணன் புகைப்படம் எடுப்பவர். அந்தக் கேமரா வழியாகத்தான் தங்கைக்கும் ஆசை வந்தது. 1945 மே 29 அன்று பட்டப்பகலில் 500க்கும் மேற்பட்ட அமெரிக்க பி-29 விமானங்கள் யோகோஹாமாவின்மீது தீக்குண்டுகளைக் கொட்டின. நகரம் எரிந்தது. டோகிவாவின் தந்தை அந்தத் தீயில் இறந்துபோனார். மூன்றே மாதங்களில் அதே அமெரிக்கப் படை யோகோஹாமாவில் வந்து இறங்கியது. ஆகஸ்ட் 30 அன்று ஜப்பானுக்கு வந்து சேர்ந்த ஜெனரல் மெக்கார்தர் முதலில் தங்கியது யோகோஹாமாவின் ஹோட்டல் நியூ கிராண்டில்தான். நகரின் மையப்பகுதியும் துறைமுகமும் படையின் கைக்குப் போயின. தகப்பனைக் கொன்ற படையின் சிப்பாய்கள் தன் தெருவில் நடப்பதைப் பார்த்து வளர்ந்த பெண் டோகிவா.

அந்தச் சிப்பாய்களுக்காக ஜப்பானிய அரசு என்ன செய்தது என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் டோகிவாவின் படங்கள் புரியும். சரணடைவதாகப் பேரரசர் வானொலியில் அறிவித்தது ஆகஸ்ட் 15. மூன்றே நாட்களில், ஆகஸ்ட் 18 அன்று, அந்நியப் படைகளுக்கான பாலியல் நிலையங்களை ஏற்பாடு செய்யும்படி உள்துறை அமைச்சகம் மாகாணக் காவல்துறைகளுக்கு உத்தரவு அனுப்பியது. தோற்றுப்போன அரசு, பசித்திருந்த மக்களுக்குச் சோறு போடுவதற்கு முன்பே இந்த வேலையை முடித்தது. 'நல்ல குடும்பத்துப் பெண்களை'க் காப்பாற்ற வேறு பெண்களை அணையாகக் கட்ட வேண்டும் என்பதுதான் அதற்குச் சொல்லப்பட்ட நியாயம். வீடு இழந்தவர்கள், கணவனை இழந்தவர்கள், வேலையின்றி நின்றவர்கள் அந்த அணையின் கற்களாக வைக்கப்பட்டார்கள். சில மாதங்களில் படையினரிடையே பால்வினை நோய் பரவியதும், 1946 மார்ச்சில் அந்த நிலையங்களுக்குள் சிப்பாய்கள் நுழைவதை அமெரிக்கத் தலைமை தடைசெய்தது. பெண்கள் தெருவுக்கு வந்தார்கள். உரிமம் பெற்ற விலைமாதர் முறை அதே ஆண்டில் காகிதத்தில் ஒழிக்கப்பட்டது. ஆனால் காவல்துறை வரைபடத்தில் சிவப்புக் கோடு போட்டுக் காட்டிய பகுதிகளுக்குள் அது 1958 வரை தொடர்ந்தது. 'அகாசென்' என்றால் சிவப்புக் கோடு என்றுதான் பொருள்.

1951இல் டோக்கியோவில் மனையியல் படிப்பை முடித்த டோகிவா, அறிவிப்பாளராக வேலைபார்த்தார். மனம் கேமராவில் இருந்தது. பெண்களுக்கு மட்டுமேயான 'ஷிராயுரி', அதாவது வெள்ளை லில்லி, கேமரா கிளப்பில் சேர்ந்தார். பெண்களுக்கென்று தனி கிளப் ஏன் தேவைப்பட்டது என்பதைப் பெண்களுக்கு விளக்க வேண்டியதில்லை. பிறகு அவர் தன் ஊரின் சிவப்புக்கோட்டுப் பகுதிக்குள் கேமராவோடு நுழைந்தார்.

அன்பின் காரணமாக அவர் அங்கே போகவில்லை. சிப்பாய்கள்மீது வெறுப்பு, அவர்களோடு கைகோத்து நடந்த பெண்கள்மீது அருவருப்பு, இரண்டும்தான் அவரைக் கொண்டுபோய் நிறுத்தின. இதை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. மறக்கப்பட்ட பெண் கலைஞரை மீட்டெடுக்கும்போது நம்மில் பலர் அவரைக் குறையற்ற தோழியாக மாற்றிவிடுகிறோம். டோகிவா அப்படிப்பட்டவர் அல்ல. அருவருப்போடு போனவர், ஆனால் அருவருப்போடு நின்றுவிடவில்லை. அந்தப் பெண்களிடம் போய்ப் படம் எடுக்கலாமா என்று கேட்டார். பேசினார், திரும்பத் திரும்பப் போனார். சிப்பாய்களோடு தெருவில் நிற்கும் பெண்களை எடுத்தார். பால்வினை நோய்க்கான கட்டாயப் பரிசோதனைக்குக் கொண்டுவரப்பட்டவர்களையும் எடுத்தார்.

அந்தப் பரிசோதனைப் படங்களை மட்டும் வைத்தே ஒரு வகுப்பு முழுக்கப் பேசலாம். நோய் இருவருக்கும் வரும். வரிசையில் நிறுத்தப்படுபவள் ஒருத்திதான். இந்த ஏற்பாட்டை எத்தனையோ அறிக்கைகள் 'பொதுச் சுகாதாரம்' என்று எழுதிவைத்திருக்கின்றன. பெண்ணுடல் பரிசோதிக்கப்படும் பொருளாக வைக்கப்பட்ட இடத்தில், அதைப் பார்த்துக் குறிப்பெடுக்கும் இன்னொரு பெண் நின்றாள் என்பதுதான் டோகிவாவின் படங்கள் செய்த காரியம். அதுவரை அந்த அறைக்குள் இருந்த பார்வை மருத்துவனுடையதாகவும் காவலனுடையதாகவுமே இருந்தது.

அவர் அந்தப் பெண்களை எங்கே கொண்டுபோய் வைத்தார் என்பது அதைவிட முக்கியம். 1956 ஏப்ரலில் டோக்கியோவின் கொனிஷிரோகு புகைப்படக் கூடத்தில் அவருடைய கண்காட்சி நடந்தது. தலைப்பு 'உழைக்கும் பெண்கள்'. ஃபேஷன் மாடல்கள், நிர்வாண மாடல்கள், மல்யுத்த வீராங்கனைகள், தெருவில் மேளம் தட்டி விளம்பரம் செய்பவர்கள், மூச்சடக்கிக் கடலில் மூழ்கிச் சிப்பி எடுக்கும் அமா பெண்கள் என அவர் எடுத்த உழைப்பாளிகளின் வரிசை நீளமானது. சிவப்புக்கோட்டுப் பெண்களும் அந்த வரிசையில்தான் வருகிறார்கள், தனி அறையில் அல்ல. 'பாலியல் தொழிலாளி' என்ற சொல்லை உலகப் பெண்ணியம் உருவாக்கிக்கொள்வதற்கு இருபது ஆண்டுகளுக்கும் முன்பு, எந்தக் கோட்பாட்டு உதவியும் இல்லாமல், 28 வயதுப் பெண் ஒருத்தி இதைச் செய்திருக்கிறாள்.

அடுத்த மாதம், 1956 மே மாதத்தில், ஜப்பானிய நாடாளுமன்றம் விலைமாதர் தடுப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. தண்டனைப் பிரிவுகள் 1958 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தன. சட்டம் எப்படி எழுதப்பட்டிருந்தது தெரியுமா? விற்பதும் வாங்குவதும் கூடாது என்று ஒரு பிரிவு சொல்லும். ஆனால் வாங்கியவனுக்குத் தண்டனை எதுவும் இல்லை. தெருவில் நின்று அழைத்தவளுக்கு உண்டு. அவளைத் 'திருத்த' வழிகாட்டும் இல்லங்களும் உண்டு. அந்த இல்லங்களை ஒழிக்கும் சட்டம் நிறைவேறியது 2022இல். நடைமுறைக்கு வந்தது 2024 ஏப்ரலில். 'உழைக்கும் பெண்கள்' என்று ஒரு புகைப்படக்காரர் 1956இல் வைத்த பெயரைத் தொடுவதற்கு ஓர் அரசுக்கு ஏறத்தாழ எழுபது ஆண்டுகள் தேவைப்பட்டிருக்கின்றன. அப்போதும் முழுதாகத் தொடவில்லை.

புத்தகத்தின் தலைப்பில் எனக்குச் சண்டை உண்டு. 'கிகென் நா' என்றால் ஆபத்தான. 'அடபானா' என்பது பூத்தும் காய்க்காத பூவைக் குறிக்கும் சொல். ஆனால் அட்டையில் அதற்கு எழுதப்பட்டிருக்கும் சித்திர எழுத்துகளின் பொருள் நச்சுப்பூ. வாயால் சொன்னால் மலட்டுப் பூ, கண்ணால் படித்தால் விஷப் பூ. யாருக்கு மலடு? யாருக்கு விஷம்? உள்ளே உழைப்பாளியாகக் காட்டப்படுபவளை அட்டை ஆபத்தானவள் என்கிறது. புத்தகச் சந்தை ஒரு பெண்ணின் பார்வையை எப்படித் தன் மொழிக்குள் இழுத்துக்கொள்ளும் என்பதற்கு இந்த அட்டையே போதும். தமிழில் இந்தத் தலைப்பைப் பெயர்க்க உட்கார்ந்தால் நம் மொழியும் சிக்கிக்கொள்ளும். வரைவின் மகளிர், பொருட்பெண்டிர், பரத்தை, விலைமகள் என்று அவளுக்கு நாம் குவித்து வைத்திருக்கும் பெயர்களுக்குக் குறைவே இல்லை. காசு கொடுத்தவனுக்கான சொல்லைத் தேடினால் குறளில் 'பரத்தன்' கிடைக்கிறான். அதுவும் ஊடல் கொண்ட தலைவியின் வாயிலிருந்து. அந்தச் சொல்லைப் புழக்கத்தில் வைத்துக்கொள்ள நம் மொழிக்கு மனமில்லை. ஜப்பானின் சட்டமும் நம் அகராதியும் ஒரே ஆளைத்தான் தப்பவிட்டிருக்கின்றன.

இனி, புத்தகம் எப்படி அரியதாயிற்று என்ற கணக்குக்கு வருகிறேன்.

1957 மே மாதம் டோக்கியோவில் 'பத்துப் பேரின் கண்கள்' என்ற கண்காட்சி நடந்தது. போருக்குப் பிந்தைய ஜப்பானியப் புகைப்படக்கலையின் திருப்பம் என்று வரலாற்று நூல்கள் அதைக் குறிப்பிடும். டோமாட்சு ஷோமெய், ஹோசோஎ எய்கோ, நரஹாரா இக்கோ, கவாடா கிகுஜி, சாட்டோ அகிரா, டன்னோ அகிரா ஆகியோரோடு டோகிவாவும் அதில் பங்கேற்றார். அப்போதே அவர் கையில் தனிக்கண்காட்சி இருந்தது. அதே ஆண்டு புத்தகமும் வந்தது. இரண்டே ஆண்டுகளில், 1959இல், அந்தக் கண்காட்சியிலிருந்து 'விவோ' என்ற குழு உருவானது. மேலே சொன்ன ஆறு ஆண்களும் அதன் உறுப்பினர்கள். டோகிவா இல்லை. குழு 1961இல் கலைந்துவிட்டது. இரண்டே ஆண்டு வாழ்ந்த குழு அது. ஆனால் போருக்குப் பிந்தைய ஜப்பானியப் புகைப்பட வரலாற்றை எந்த மொழியில் படித்தாலும் விவோ என்ற பெயர் வரும். டோகிவாவின் பெயர் வருமா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இதற்குச் சதி எதுவும் தேவையில்லை. நண்பர்கள் நண்பர்களைச் சேர்த்துக்கொள்கிறார்கள், அவ்வளவுதான். பிறகு வரலாற்றாசிரியர் குழுக்களின் வரலாற்றை எழுதுகிறார். குழுவுக்கு வெளியே இருந்தவள் வரலாற்றுக்கும் வெளியே போகிறாள். அமெரிக்க இராணுவத் தளங்களைச் சுற்றிய ஜப்பானிய வாழ்க்கையைப் படமெடுத்தவர் என்றால் உலகம் டோமாட்சுவைச் சொல்கிறது. அவர் பெரிய கலைஞர், மறுக்கவில்லை. ஆனால் அவருடைய தளப் படங்கள் பேசப்படத் தொடங்குவதற்கு முன்பே, அதே சிப்பாய்களுக்கு நடுவே, அதே தெருவில் வளர்ந்த ஒரு பெண் கேமராவோடு நின்றிருந்தாள். அவளுடைய வேலை 'ஆவணம்' ஆயிற்று. அவருடையது 'கலை' ஆயிற்று.

இரண்டாவது கதவு திருமணம். டோகிவாவின் கணவர் ஒகுமுரா டைகோவும் புகைப்படக்காரர். போருக்குப் பிந்தைய யோகோஹாமாவை அக்கறையோடு பதிவு செய்தவர். அவர்மீது எனக்கு வழக்கு இல்லை. ஆனால் டோகிவாவின் படங்கள் நூலாக மறுபடி வெளிச்சத்துக்கு வந்தது, கணவர் மறைந்த மறு ஆண்டு, 1996இல், 'இருவர் எடுத்த' யோகோஹாமா என்ற தொகுப்பில். தனக்கே உரிய யோகோஹாமா நூல் 2001இல் வந்தது. 2018இல் அவருடைய 90ஆவது வயதில் யோகோஹாமா நகர் அருங்காட்சியகம் பெரிய கண்காட்சி வைத்தது. அதுவும் தம்பதியர் கண்காட்சி. 2019 டிசம்பரில் அவர் இறந்தார். இடைப்பட்ட காலத்தில் அவர் சும்மா இருக்கவில்லை. ஒகினாவா உள்ளிட்ட ரியூக்யூ தீவுகள், சோவியத் ஒன்றியம், தைவான், மலேசியா என்று போனார். 1980களின் நடுவிலிருந்து முதியோரின் வாழ்க்கைச் சிக்கல்களைப் படமெடுத்தார். அறுபது ஆண்டு உழைப்பு. எஞ்சியது ஓர் 'அரிய நூலின்' ஆசிரியர் என்ற ஒற்றை வரி.

மூன்றாவது கதவு எல்லாவற்றையும்விட நயமானது. பெண்ணைத் 'தனித்தவள்' என்று புகழ்ந்து, அவளுக்கு முன்னும் பின்னும் யாரும் இல்லாமல் ஆக்குவது. டோகிவா தனித்தவர் அல்ல. யோகோஹாமாவுக்குத் தெற்கே, அமெரிக்கக் கடற்படைத் தளம் இருக்கும் யோகோசுகாவில் வளர்ந்த இஷியுச்சி மியாகோ, பழைய சிவப்புக்கோட்டுப் பகுதிகளின் கட்டடங்களைத் தேடிப்போய்ப் படமெடுத்து 1981இல் நூலாக்கினார். டோகிவா மனிதர்களை எடுத்த இடத்தில் இஷியுச்சி எஞ்சிய சுவர்களை எடுத்தார். ஒகினாவாவின் இஷிகாவா மாவோ 1970களில் அமெரிக்கச் சிப்பாய்கள் வரும் மதுக்கூடங்களில் தானே வேலைபார்த்தபடி, கூட வேலைசெய்த பெண்களைப் படமெடுத்தார். மூவரையும் அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். இராணுவத் தளத்துக்கு வெளியே பெண்களுக்கு என்ன நடந்தது என்பதற்குப் பெண்களே எழுதிய தொடர்வரலாறு கிடைக்கும். தனித்தனியாக வைத்தால் மூன்று 'வியப்புகள்' கிடைக்கும். வியப்பு நமக்கு எதற்கு? நமக்கு வேண்டியது தொடர்ச்சி.

ஜப்பானிய விமர்சனம் இந்தத் தொடர்ச்சியை எப்படிக் கையாண்டது என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. புகைப்படத்துக்கான கிமுரா இஹெய் விருது 1975இல் தொடங்கப்பட்டது. அதைப் பெற்ற முதல் பெண் இஷியுச்சி. 2001இல் நாகாஷிமா யூரியே, நினாகாவா மிகா, ஹிரோமிக்ஸ் என்ற மூன்று இளம்பெண்களுக்கு ஒரே விருதைப் பங்கிட்டுக் கொடுத்தார்கள். அவர்களின் படங்களை 'பெண்பிள்ளைப் படங்கள்' என்று ஒரே மூட்டையில் கட்டினார்கள். பிறகு நாகாஷிமாவே அந்தப் பெயர்சூட்டலை எதிர்த்து ஒரு நூல் எழுத வேண்டியிருந்தது. முன்னோடியை அரியவளாக்கிய மரபு, பின்னால் வந்தவர்களைக் கூட்டமாக்கியது. ஒருத்தியாக இருந்தால் விதிவிலக்கு. பலராக இருந்தால் பாணி. கலைஞர் என்று மட்டும் சொல்ல வாய் வரவில்லை.

இங்கே ஓர் எதிர்வாதம் எழும். அது நம் பக்கத்திலிருந்தே எழும், அதனால் மதித்துப் பதில் சொல்ல வேண்டும். "படத்தில் இருப்பவர்கள் பெயரும் முகமும் உள்ள பெண்கள். அன்று சம்மதித்தவள் இன்றும் சம்மதிப்பாளா? அவள் பேத்தி அந்தப் படத்தைக் கடையில் பார்க்க வேண்டுமா? சில புத்தகங்கள் மறைந்துபோவதே நல்லதல்லவா?"

இந்தக் கேள்வியின் முதல் பாதியை நான் ஏற்கிறேன். கேட்டுவிட்டு எடுத்தாலும், கேமரா வைத்திருந்தவளும் அதன்முன் நின்றவளும் சமமானவர்கள் அல்லர். டோகிவா வீட்டுக்குத் திரும்பிப் போக முடிந்தது. இரண்டாம் பாதியை ஏற்க மாட்டேன். ஏனென்றால் புத்தகம் மறைந்துபோகவில்லை. பணம் உள்ளவர்களிடம் பத்திரமாக இருக்கிறது. அன்று காசு கொடுத்தவர்கள் அந்தப் பெண்களைப் பார்த்தார்கள். இன்றும் காசு கொடுத்தவர்கள்தான் பார்க்கிறார்கள். 'அரிய நூல்' என்ற ஏற்பாடு அந்தப் பெண்களின் மானத்தைக் காக்கவில்லை, பார்ப்பவர்களின் எண்ணிக்கையைக் குறைத்து விலையைத்தான் ஏற்றியிருக்கிறது. அந்தப் பெண்களைப் பற்றிக் கவலைப்படுவது உண்மையானால், முகங்களை எப்படி அச்சிடுவது என்று பேசலாம். எதை விடுவது, எதைத் தலைப்பு மாற்றி வைப்பது என்று பேசலாம். முதலில் உரைநடையை மட்டும் மொழிபெயர்க்கலாம். இவை பதிப்பாளரின் மேசையில் தீர்க்கக்கூடிய கேள்விகள். இவற்றைக் காட்டி நூலையே பூட்டிவைத்தால், முகம் மறைவது பெண்களுக்கு மட்டும் அல்ல. கட்டாயப் பரிசோதனைக்கு உத்தரவிட்ட அரசுக்கும், காசு கொடுத்த சிப்பாய்க்கும், உள்ளூர் வாடிக்கையாளனுக்கும் சேர்த்தே மறைகிறது. அவர்களுக்கு அந்தச் சலுகையைக் கொடுக்க நான் தயாரில்லை.

நியூயார்க்கின் அப்பெர்ச்சர் நிறுவனம் 1950களிலிருந்து இன்றுவரையிலான ஜப்பானியப் பெண் புகைப்படக் கலைஞர்களைத் தொகுத்து 2024இல் பெருநூல் வெளியிட்டது. டோகிவா அதில் இருக்கிறார். மகிழ்ச்சி. ஆனால் ஒரு தொகுப்பில் சில பக்கங்கள் கிடைப்பது, ஒரு புத்தகம் திரும்பக் கிடைப்பதற்கு ஈடாகாது. தொகுப்பு அவருடைய படங்களைக் கொடுக்கும். அவர் படங்களை அடுக்கிய வரிசையும், அவற்றுக்கு நடுவே எழுதிய சொற்களும் அவருடைய நூலில்தான் இருக்கின்றன. பெண் கலைஞரின் கண்ணைப் பாராட்டி, வாயை விட்டுவிடுவது பழைய பழக்கம். டோகிவா பார்த்தவர் மட்டுமல்ல, எழுதியவர்.

ஆகவே மாணவியருக்கு ஒரு வேண்டுகோள். நூலகத்திலோ விற்பனைப் பட்டியலிலோ ஒரு பெண்ணின் நூலுக்கு எதிரே 'அரியது' என்று கண்டால் வியந்து நிற்காதீர்கள், விசாரியுங்கள். யார் வெளியிட்டார்கள்? யார் மறுபதிப்பை நிறுத்தினார்கள்? அவளோடு சேர்ந்து தொடங்கிய ஆண்களின் நூல்கள் இப்போது எங்கே கிடைக்கின்றன, என்ன விலை? அந்த நூல் யாரைப் பற்றியது, அவர்கள் அதை வாங்க முடியுமா? பதில்களை எழுதி வையுங்கள். மொழிபெயர்க்கக் கூடியவர்கள் மொழிபெயருங்கள், பதிப்பிக்கக் கூடியவர்கள் உரிமை கேட்டுக் கடிதம் எழுதுங்கள். டோகிவாவின் புத்தகம் பேருந்து நிலையக் கடையில் கைபட்டு அழுக்காகிக் கிடக்கும் மலிவுப் பதிப்பாக வர வேண்டும். அரிய நூல் என்ற பெயரை அது இழக்கட்டும்.